எவர் உழைப்பு, எவர் உடைமை? - யுனிக்ஸ் முதல் லினக்ஸ் வரை

2017 ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில் உலகின் ஆற்றல் மிக்க 500 கணினிகளின் பட்டியல் வெளியிடப்பட்டது. அமெரிக்காவினதும் சீனாவினதும், யப்பானினதும் ஐரோப்பிய நாடுகளினதும் கணினிகள் அப்பட்டியலில் ஒன்றோடொன்று போட்டியிட்டு நின்றன. ஆயினும், ஒரு விடயத்தில் அவற்றிடையே வேற்றுமை இருக்கவில்லை. ஐந்நூறு கணினிகளும் லினக்ஸ் என்னும் ஒரே பணிசெயல் முறைமையிலேயே இயங்கின. இம்முறைமையைத் தனக்கே உரியதென்று எந்தக் கம்பனியும் உரிமை கொண்டாட முடியாது. எந்த அரசும் அதனைப் பூட்டிவைக்க முடியாது. அதன் ஒவ்வொரு வரியையும் எவரும் படிக்கலாம், திருத்தலாம், பிறருக்கு வழங்கலாம்.

பணிசெயல் முறைமை என்பது யாது? இயங்குதளம் எனவும் அதனை வழங்குவர். கணினியின் நினைவகம், வட்டு, விசைப்பலகை, திரை ஆகியவற்றை ஒழுங்குபடுத்தி, ஏனைய செய்நிரல்கள் யாவும் அவற்றைப் பகிர்ந்து பயன்படுத்த இடமளிக்கும் அடிப்படைச் செய்நிரலே அது. அதன் நடுநாயகமான பகுதியை உட்கரு என்பர். மனிதர் எழுதுவதும் படிப்பதுமான வடிவத்துக்கு மூலநிரல் என்று பெயர். மூலநிரலைப் பொறிக்கு மட்டுமே உரிய எண்வடிவமாக மாற்றிய பின்னர் அதனை இயக்கலாம். எளிதிற் படிக்கவோ திருத்தவோ இயலாது. மூலநிரலை மறைத்துப் பொறிவடிவத்தை மட்டும் விற்பதே மென்பொருள் வணிகத்தின் பெருவழக்கு. சோற்றை விற்று விதைநெல்லைப் பூட்டிவைப்பதற்கு இது ஒப்பாகும்.

இவ்வழக்கு நிலவும் உலகில் லினக்ஸ் போன்றதொரு பொதுச் சொத்து எவ்வாறு உண்டாயிற்று? ஒரு மேதையின் அருஞ்செயல் என்பர் சிலர். நல்லெண்ணம் படைத்தோர் மனமுவந்தளித்த கொடை என்பர் வேறு சிலர். இரண்டும் முழுமையான விளக்கங்கள் அல்ல. பலர் கூடி ஆக்கிய பொருள் பொதுவாகவே நிலைத்திருப்பதற்கு நல்லெண்ணம் மட்டும் போதாது. அதனைப் படிக்கும் உரிமை, அதனைக் காக்கும் சட்டம், அதனை ஆக்கும் கருவி ஆகிய மூன்றும் ஆக்குவோர் கையில் இருத்தல் வேண்டும். நான்காவதாக, ஆக்குவோர்க்கு வாழ்வும் வேண்டும். கடந்த அரை நூற்றாண்டின் வரலாறு இந்நான்கினையும் ஒவ்வொன்றாகக் கற்பித்துள்ளது. அப்பாடங்கள் நயமாகக் கற்பிக்கப்பட்டவை அல்ல.

இணக்கத் தீர்ப்பின் விளைவு

இக்கதை நீதிமன்றத்திலே தொடங்குகிறது. அமெரிக்காவின் தொலைபேசித் துறையைத் தன் பிடியில் வைத்திருந்த ஏ.டி. அன்ட் டி. கம்பனிமீது அந்நாட்டு அரசு 1949 இல் ஏகபோகத் தடைச் சட்டத்தின் கீழ் வழக்குத் தொடுத்தது. இருதரப்பும் இணங்கிய தீர்ப்பொன்றினால் 1956 இல் அவ்வழக்கு முடிவுற்றது. தொலைபேசித் துறையிலிருந்த ஆதிக்கத்தைக் கம்பனி தக்கவைத்துக்கொண்டது. அதற்கு ஈடாக, தொடர்பாடலுக்குப் புறம்பான வணிகத்தில் அது இறங்கலாகாது என்று விதிக்கப்பட்டது.

அக்கம்பனியின் ஆராய்ச்சிப் பிரிவாகிய பெல் ஆய்வுகூடம் நியூ ஜேர்சி மாநிலத்திலே இருந்தது. அங்கு பணியாற்றிய கென் தொம்சன் என்பவர் 1969 இல், பெரிதும் பயன்படாது கிடந்த ஒரு சிறு கணினியில் புதியதொரு பணிசெயல் முறைமையை எழுதத் தொடங்கினார். டெனிஸ் றிச்சியும் வேறு சிலரும் அவரோடு சேர்ந்துகொண்டனர். யுனிக்ஸ் எனப் பெயர்பெற்ற அம்முறைமை, றிச்சி ஆக்கிய 'சி' என்னும் நிரல்மொழியில் 1973 இல் மீள எழுதப்பட்டது. அதுவரை ஒரு முறைமை பெரும்பாலும் ஒரு வகைக் கணினிக்கே உரியதாய் இருந்தது. இம்மாற்றத்தினால் யுனிக்ஸை ஒரு வகைக் கணினியிலிருந்து இன்னொரு வகைக்குப் பெயர்த்துக்கொள்வது எளிதாயிற்று. தொம்சனும் றிச்சியும் எழுதிய கட்டுரை 1974 இல் வெளிவந்ததும் பல்கலைக்கழகங்கள் பலவும் அதனைக் கேட்டன.

கம்பனியோ அதனை வணிகப் பொருளாக விற்க இயலாத நிலையில் இருந்தது. எனவே, சிறு கட்டணத்துக்கு மூலநிரலோடு சேர்த்துப் பல்கலைக்கழகங்களுக்கு வழங்கியது. பிழை திருத்தித் தரும் பொறுப்பை மட்டும் ஏற்க மறுத்துவிட்டது. கம்பனி கைவிட்ட அப்பொறுப்பை விரிவுரையாளரும் மாணவருமே ஏற்றுக்கொண்டனர். ஓரிடத்தில் கண்ட பிழை அங்கேயே திருத்தப்பட்டது. அத்திருத்தம் காந்த நாடாவில் ஏறி இன்னோரிடத்துக்குச் சென்றது. சந்தை நுழையத் தடையிருந்த இடத்தில் கூட்டுறவு தானாகவே முளைத்தது எனலாம். ஆனால், அந்தக் கூட்டுறவு நின்ற நிலம் கம்பனிக்குரியது என்பதை அன்று பலரும் எண்ணிப் பார்க்கவில்லை.

கற்பிக்கத் தடைசெய்யப்பட்ட பாடம்

சிட்னி நகரிலுள்ள நியூ சவுத் வேல்ஸ் பல்கலைக்கழகத்தில் ஜோன் லயன்ஸ் என்னும் ஆசிரியர் இருந்தார். பணிசெயல் முறைமைகளைக் கோட்பாடாகச் சொல்லிக் கொடுப்பதோடு அவர் அமையவில்லை. யுனிக்ஸ் ஆறாம் பதிப்பின் உட்கரு ஏறக்குறைய 9,000 வரிகளையே கொண்டது. உண்மையாக இயங்கும் ஒரு முறைமையை முதலிலிருந்து முடிவு வரை மாணவர் படித்து விளங்கிக்கொள்ள முடியும் என்று அவர் நம்பினார். மூலநிரலை ஒரு நூலாகவும், அதற்குரிய விளக்கத்தை இன்னொரு நூலாகவும் தொகுத்து 1977 இல் மாணவர் கையிற் கொடுத்தார். மூலத்தைப் பக்கத்தில் வைத்து உரை சொல்லும் முறை, பேராசிரியரையும் நச்சினார்க்கினியரையும் கற்ற நமக்குப் புதியதன்று. கணினித் துறைக்கு அது பெரும் புதுமையாக இருந்தது.

யுனிக்ஸ் விலைபோகக் கூடிய சரக்கு என்பதைக் கம்பனி விரைவிலேயே உணர்ந்தது. 1979 இல் ஏழாம் பதிப்பு வெளிவந்தபோது அதன் உரிமத்தில் புதியதொரு நிபந்தனை இருந்தது. மூலநிரலை வகுப்பறையிலே பாடமாகக் கற்பிக்கலாகாது என்பதே அது. உலகிற் பல இடங்களில் ஆசிரியர்கள் பாடத்தை நிறுத்த நேர்ந்தது. லயன்ஸின் நூலும் வெளிப்படையாக அச்சேற முடியாமற் போயிற்று.

ஆனால், அறிவுத் தாகத்தை நிபந்தனையால் அடக்கிவிட முடியுமா? ஒரு பிரதியிலிருந்து இன்னொரு பிரதி, அதிலிருந்து மற்றொன்று எனப் படப்பிரதி எடுத்து எடுத்து, ஒரு தலைமுறை மாணவர்கள் அந்நூலைக் கைமாற்றிப் படித்தனர். அந்நூல் முறைப்படி அச்சில் வெளிவந்தது 1996 இலே. அதற்குள் பத்தொன்பது ஆண்டுகள் கழிந்திருந்தன.

அம்ஸ்டர்டாம் நகரில் கற்பித்த அன்ட்ரூ டனன்போம் என்னும் பேராசிரியர் வேறொரு வழியைக் கண்டார். யுனிக்ஸைக் கற்பிக்க முடியாதெனில், அதைப் போன்று இயங்கும் ஒன்றை ஒரு வரிகூட இரவல் வாங்காது தாமே எழுதிவிடுவதென்று தீர்மானித்தார். அவ்வாறு எழுதப்பட்ட மினிக்ஸ் 1987 இல் அவருடைய பாடநூலோடு வெளிவந்தது. ஏறக்குறைய 12,000 வரிகள் கொண்ட அச்சிறு முறைமை மாணவர் மத்தியிலே விரைந்து பரவிற்று. படிக்கும் உரிமை பறிக்கப்பட்டால், படிப்பதற்குரிய பொருளையே புதிதாக ஆக்க வேண்டும் என்பது முதலாவது பாடம்.

பெயர் மட்டுமே கூலி

அமெரிக்காவின் மேற்குக் கரையில், கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தின் பேர்க்கிலி வளாகத்தில் இதனிலும் பெரிய முயற்சியொன்று நடைபெற்றது. அங்கு பட்டப்பின் படிப்பு மாணவராயிருந்த பில் ஜோய், யுனிக்ஸுக்குத் தாமும் நண்பரும் செய்த சேர்க்கைகளைத் தொகுத்து 1978 இல் வெளியிடத் தொடங்கினார். பின்னர் அமெரிக்கப் பாதுகாப்புத் திணைக்களத்தின் ஆராய்ச்சி நிதியும் இப்பணிக்குக் கிடைத்தது. 1983 இல் வெளிவந்த பேர்க்கிலிப் பதிப்பு, இன்று இணையத்தைத் தாங்கி நிற்கும் தொடர்பாடல் நெறிமுறைகளைத் தன்னகத்தே கொண்டிருந்தது. பொதுப் பணமும் மாணவர் உழைப்பும் சேர்ந்து விளைவித்த பயன் இது.

1984 ஜனவரி முதலாந் திகதி ஏ.டி. அன்ட் டி. கம்பனி பிரிக்கப்பட்டது. பழைய கட்டுப்பாடு நீங்கவே, அது யுனிக்ஸை முழு வணிகப் பொருளாக விற்கத் தொடங்கியது. உரிமக் கட்டணம் ஏறிக்கொண்டே சென்றது. பேர்க்கிலியார் தம் சொந்தப் படைப்பைப் பிறருக்குக் கொடுப்பதாயினும், அதனுள் கலந்திருந்த கம்பனியின் வரிகளுக்காகப் பெறுபவர் அக்கட்டணத்தைச் செலுத்த வேண்டியிருந்தது. அவ்வரிகளை ஒவ்வொன்றாக அகற்றி, புதியன எழுதிச் சேர்ப்பதே வழியென்று கீத் பொஸ்டிக் என்பவர் கருதினார். நூற்றுக்கணக்கான துணைச் செய்நிரல்களை மீள எழுதித் தருமாறு அவர் தொண்டர்களை அழைத்தார். கூலி எதுவும் இல்லை. எழுதித் தருபவரின் பெயர், அவர் எழுதிய செய்நிரலுக்குப் பக்கத்தில், பங்களித்தோர் பட்டியலில் இடம்பெறும், அவ்வளவே. ஒன்றரை ஆண்டுக்குள் முக்கியமானவை பெரும்பாலும் எழுதி முடிக்கப்பட்டன. 1991 இல், ஆறு கோப்புகள் மட்டும் குறைய, முழு முறைமையும் எவரும் எடுத்துச் செல்லத் தக்கதாக வெளியிடப்பட்டது. அவ்வாறு கோப்புகளையும் வேறு கைகள் விரைவிலே எழுதி நிறைவாக்கின.

கம்பனியின் கிளை நிறுவனம் 1992 இல் வழக்குத் தொடுத்தது. முதலில், இம்முறைமையை விற்ற சிறு நிறுவனமொன்று பிரதிவாதியாயிற்று. பின்னர் பல்கலைக்கழகமே பிரதிவாதியாயிற்று. பல்கலைக்கழகமும் எதிர்வழக்கிட்டது: எங்கள் நிரல்களை உங்கள் யுனிக்ஸில் எடுத்தாண்டீர்கள், உரிமத்தின்படி எங்கள் பெயரைக் குறிப்பிட்டீர்களா? 1994 இல் இணக்கம் ஏற்பட்டபோது, வழக்கின் உண்மைப் பரிமாணம் வெளிப்பட்டது. ஏறக்குறைய 18,000 கோப்புகளில் நீக்க வேண்டியிருந்தவை மூன்று. வேறு சிலவற்றிற் சிறு மாற்றங்கள் செய்யப்பட்டன. எழுபது வரையானவற்றில் பதிப்புரிமைக் குறிப்புச் சேர்க்கப்பட்டது. மூன்று கோப்புகளின் பொருட்டு ஒரு பெரும் பொதுப்பணி ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் வழக்கின் நிழலிலே கிடந்தது. அது தன் கால்களில் மீண்டும் நிற்பதற்குள் வேறொரு முறைமை முன்னே சென்றுவிட்டது.

சட்டத்தைக் கொண்டே சட்டத்துக்கு எதிர்

அந்த வேறொரு முறைமையின் கதையைச் சொல்வதற்கு முன், மசாசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தின் ஆய்வுகூடமொன்றைப் பார்த்துவிட்டு வருதல் வேண்டும். அங்கே றிச்சர்ட் ஸ்டோல்மன் பணியாற்றினார். அவ்வாய்வுகூடத்தில் செய்நிரல்களை ஒருவரோடொருவர் பகிர்ந்துகொள்வது அயல்வீட்டாருக்கு உப்பும் நெருப்பும் கொடுப்பது போன்ற இயல்பான வழக்கமாயிருந்தது. புதிதாக வந்த ஒரு லேசர் அச்சுப்பொறி அடிக்கடி தாள் சிக்கி நின்றது. அதன் செய்நிரலைத் திருத்துவதற்கு மூலநிரலைக் கேட்டபோது, அதனை வைத்திருந்த இன்னொரு பல்கலைக்கழக ஆய்வாளர் கொடுக்க மறுத்துவிட்டார். எவருக்கும் காட்டுவதில்லையென ஒப்பந்தத்திற் கையொப்பமிட்டிருந்தார் அவர். சக ஆய்வாளருக்கு உதவுவதே ஒப்பந்தத்தை மீறும் குற்றமாகும் நிலை ஏற்பட்டுள்ளது என்பதை ஸ்டோல்மன் அன்று உணர்ந்தார்.

1983 செப்டெம்பர் மாதம், க்னூ என்னும் முழுமையான கட்டற்ற முறைமையொன்றை எழுதப்போவதாக அவர் அறிவித்தார். 1984 ஜனவரியில் உத்தியோகத்தைத் துறந்தார். கழகம் தம் படைப்புக்கு உரிமை கோரிவிடக் கூடாது என்பதே காரணம். அவரும் துணைவரும் எழுதிய செய்நிரல்கள் பலவாயினும், வரலாற்றில் நிலைத்த அவருடைய ஆக்கம் ஓர் உரிமப் பத்திரமே என்று கூறலாம். 1989 இல் முதலிலும், 1991 இல் இரண்டாம் வடிவிலும் வெளிவந்த க்னூ பொது உரிமம் சொல்வது இது: இச்செய்நிரலைப் பயன்படுத்து, படி, திருத்து, விற்கவும் செய், ஆனால், நீ பிறருக்குக் கொடுக்கும்போது மூலநிரலையும் இதே உரிமைகளையும் சேர்த்தே கொடு. பிறரைத் தடுப்பதற்காக எழுந்த பதிப்புரிமைச் சட்டமே பிறரைத் தடுக்க முடியாதபடி செய்யும் கருவியாக மாற்றப்பட்டது.

பேர்க்கிலியாரின் உரிமம் இவ்வாறு கட்டுப்படுத்தவில்லை. பெயரைக் குறிப்பிட்டால் போதும், எடுத்து மூடிவைத்து விற்பதற்கும் தடையில்லை என்பது அவர்களது கொள்கை. அதன் பயனாகவே அப்பிள் கம்பனி 2001 இல் வெளியிட்ட தன் புதிய முறைமைக்குப் பேர்க்கிலி நிரல்களை எடுத்துக்கொள்ள முடிந்தது. எது உண்மையான சுதந்திரம் என்ற வாதம் இவ்விரு சாராரிடையே இன்றும் ஓயவில்லை. ஒன்றை மட்டும் இங்கே குறித்துக்கொள்ளலாம்: பொதுச் சொத்துக்கு வேலி வேண்டுமா என்ற கேள்வி, அதனை மேய வருபவர் யார் என்பதைப் பொறுத்தே முடிவாகும்.

க்னூ முயற்சியில் 1991 அளவில் பெரும்பாலான பகுதிகள் ஆயத்தமாகிவிட்டன. உட்கரு மட்டும் முடிவுறவில்லை. அவ்வேளையில் ஹெல்சிங்கிப் பல்கலைக்கழகத்தில் 21 வயது மாணவரொருவர், மினிக்ஸைக் கற்று, தம் வீட்டுக் கணினியில் ஓர் உட்கருவை எழுதிக்கொண்டிருந்தார். லினஸ் டோவால்ட்ஸ் என்பது அவர் பெயர். 1988 இல் பல்கலைக்கழகம் புகுந்த அவர் முதுமாணிப் பட்டம் பெற்றது பல ஆண்டுகள் கழிந்த பின்னரேயே. கட்டணமில்லாக் கல்வி இருந்த பின்லாந்திலன்றி வேறிடத்தில் அவருக்கு அந்த ஓய்வும் காலமும் வாய்த்திருக்குமா என்பது சிந்திக்கத் தக்கது. 1991 ஆகஸ்ட் 25 இல் தம் முயற்சியை அறிவித்தார். செப்டெம்பரில் ஏறக்குறைய 10,000 வரிகளை வெளியிட்டார். 1992 இன் தொடக்கத்தில் க்னூ பொது உரிமத்தை ஏற்றுக்கொண்டார். 1994 மார்ச்சில் முதலாம் பதிப்பு வெளிவந்தபோது அது 1,76,250 வரிகளாக வளர்ந்திருந்தது. கட்டற்ற பேர்க்கிலி முறைமை தமக்கு அப்போதே கிடைத்திருந்தால் லினக்ஸைத் தொடங்கியிருக்க மாட்டேன் என்ற கருத்தை அவரே பின்னர் வெளியிட்டிருக்கிறார். தனிமனித மேதைமையையே வரலாறாகக் காண்போர் இதனை மனங்கொள்ளுதல் வேண்டும்.

இரவல் கருவி

இனிக் கூறப்போவது, இவ்வரலாற்றிலே அதிகம் பேசப்படாத, ஆனால் மிகுந்த படிப்பினை தரும் நிகழ்ச்சியாகும்.

உலகின் பல மூலைகளிலிருந்தும் திருத்தங்கள் அஞ்சலில் வந்து குவிந்தன. அவை யாவும் டோவால்ட்ஸ் என்னும் ஒருவரின் கண்பட்டு, அவர் கையாலே உட்கருவிற் சேர வேண்டியிருந்தன. 1998 அளவிலேயே அவர் அச்சுமையின் கீழ் திணறத் தொடங்கிவிட்டார். அனுப்பிய திருத்தங்கள் தொலைந்தன, மீண்டும் மீண்டும் அனுப்ப வேண்டியதாயிற்று, மனக்கசப்புகள் வளர்ந்தன. ஒவ்வொரு மாற்றத்தையும் யார், எப்போது, ஏன் செய்தார் என்று பதிந்து, பலரின் மாற்றங்களை ஒன்றிணைத்துத் தரும் கருவியொன்று தேவைப்பட்டது. அன்றிருந்த கட்டற்ற கருவிகள் அவருக்கு நிறைவளிக்கவில்லை.

லறி மக்வோய் என்பவரின் நிறுவனம் பிட்கீப்பர் என்னும் கருவியை ஆக்கியிருந்தது. அது சிறந்த கருவி என்பதில் ஐயமில்லை. மூலநிரல் மறைக்கப்பட்ட வணிகப் பொருளாயினும், லினக்ஸ் ஆக்குவோர் இலவசமாகப் பயன்படுத்தலாம் என அந்நிறுவனம் அனுமதித்தது. 2002 பெப்ரவரியில் டோவால்ட்ஸ் அதனை ஏற்றுக்கொண்டார். வேலையின் வேகம் பன்மடங்காயிற்று.

எதிர்ப்பு உடனே எழுந்தது. கட்டற்ற முறைமையை ஆக்குவதற்குப் பூட்டிய கருவியைப் பயன்படுத்துவதா என்று ஸ்டோல்மன் கேட்டார். உட்கரு ஆக்கத்தில் முன்னணியில் நின்ற அலன் கொக்ஸ் அதனைப் பயன்படுத்த மறுத்தார். டோவால்ட்ஸின் மறுமொழி எளிமையானது: வேலைக்கு எது சிறந்ததோ அதுவே எனக்குக் கருவி, கொள்கை பேசுவோர் இதனிலும் சிறந்ததொன்றை எழுதட்டும். நடைமுறை அறிவு பேசுவதுபோல் இவ்வாதம் தோன்றும். ஆயின், இலவசமாகக் கிடைத்த அக்கருவிக்கு வேறுவிதமான விலை இருந்தது. பிட்கீப்பருக்குப் போட்டியான கருவியை ஆக்குவோர் அதன் இலவசப் பதிப்பைப் பயன்படுத்தலாகாது என்ற நிபந்தனை 2002 இலேயே உரிமத்திற் சேர்க்கப்பட்டது. அஃதாவது, சிறந்ததொன்றை எழுதட்டும் என்று அறைகூவப்பட்டவர்களுக்கு, எழுதினால் பொதுவேலையில் அதே கருவியோடு பங்குகொள்ளும் வழி அடைக்கப்பட்டது.

மூன்றாண்டுகள் கழிந்தன. அன்ட்ரூ ட்ரிஜெல் என்னும் அவுஸ்திரேலியர், பிட்கீப்பர் சேவையகத்தோடு எவ்வாறு பேசுகிறது என்பதை ஆராய்ந்து, பதியப்பட்ட வரலாற்றை மீட்டெடுக்கும் சிறு செய்நிரலொன்றை எழுதினார். ஆக்குவோர் தாமே எழுதிய மாற்றங்களின் வரலாறு, இரவல் கருவியின் வயிற்றுக்குள் அகப்பட்டிருந்தது. அதனை வெளியே எடுக்க வழி தேடினார் அவர். நிறுவனம் இதனை நம்பிக்கைத் துரோகமாகக் கொண்டது. 2005 ஏப்ரலில் இலவசப் பதிப்பு நிறுத்தப்பட்டது. டோவால்ட்ஸும் முதலில் ட்ரிஜெல்லையே கடிந்தார். அம்மாதமே கன்பெராவில் நடந்த மாநாட்டில் ட்ரிஜெல் தம் முறையைச் செய்து காட்டினார். பிட்கீப்பர் சேவையகத்தோடு இணைப்பெடுத்து, உதவி கேட்கும் சாதாரணக் கட்டளைச் சொல்லைத் தட்டினார். சேவையகம் தான் ஏற்கும் கட்டளைகளின் பட்டியலைத் தானே தந்தது. மாபெரும் சூழ்ச்சியென்று தூற்றப்பட்ட செயலின் தொடக்கம் இத்தகையதாகவே இருந்தது.

உலகின் மிகப் பெரிய கூட்டு ஆக்கமொன்று ஒரு தனி நிறுவனத்தின் ஒரேயொரு முடிவினால் கருவியிழந்து நின்றது. டோவால்ட்ஸ் வேறு வேலைகளை ஒதுக்கிவைத்துவிட்டு, ஏப்ரல் 3 இல் புதியதொரு கருவியை எழுதத் தொடங்கினார். ஏப்ரல் 7 இல் அக்கருவி தன்னுடைய மாற்றங்களைத் தானே பதியும் நிலையை அடைந்தது. கிட் என்று அதற்குப் பெயரிட்டார். ஜூன் மாதத்தில் வெளிவந்த உட்கருப் பதிப்பு அதனைக் கொண்டே தொகுக்கப்பட்டது. ஜூலையில் அதன் பேணுகைப் பொறுப்பை ஜூனியோ ஹமனோ என்பவரிடம் ஒப்படைத்தார். இக்கருவியைப் பயன்படுத்தும் ஒவ்வொருவரின் கணினியிலும், முழு ஆக்கத்தின் முழு வரலாறும் பிரதியாக இருக்கும். நடுவில் ஒருவர் கதவடைத்தாலும் வரலாறு அழியாது. மூன்றாண்டுகள் வாதத்தால் விளங்காதிருந்ததை ஒரே வாரத்தின் நெருக்கடி விளங்கவைத்தது. உற்பத்திக் கருவி பிறர் கையிலிருக்கும் வரை உற்பத்தியாளனின் சுதந்திரம் இரவற் சுதந்திரமே என்பதுதான் அது.

கனி யாருக்கு?

இத்துடன் கதை மங்களமாக முடிந்துவிடவில்லை. 1998 இல் கலிபோர்னியாவிலே கூடிய சிலர், 'கட்டற்ற மென்பொருள்' என்னும் பெயர் வணிகரை அச்சுறுத்துகிறது என்று கருதி, 'திறந்த மூலம்' என்னும் பெயரை முன்வைத்தனர். சுதந்திரம் பற்றிய பேச்சுப் பின்னுக்குப் போய், திறமை பற்றிய பேச்சு முன்னுக்கு வந்தது. மூலதனமும் வந்தது. 1999 டிசம்பரில், லினக்ஸ் கணினிகளை விற்ற ஒரு கம்பனியின் 30 டொலர்ப் பங்கு முதல் நாளிலேயே 239 டொலரைத் தாண்டிற்று. ஓராண்டு கழிந்தபோது பத்து டொலருக்குக் கீழே இறங்கிவிட்டது. ஐ.பி.எம். கம்பனி 2001 இல் லினக்ஸுக்கென நூறு கோடி டொலர் ஒதுக்கியது. லினக்ஸைப் புற்றுநோய்க்கு ஒப்பிட்டு மைக்ரோசொப்ட் தலைவர் பேசியதும் அதே 2001 இலேதான். 2016 இல் அக்கம்பனியே லினக்ஸ் அறநிலையத்தில் உறுப்பினராயிற்று.

2010 களில் அவ்வறநிலையம் வெளியிட்ட அறிக்கைகளின்படி, உட்கருப் பணியில் நூற்றுக்கு எண்பதுக்கு மேற்பட்ட பங்கினைச் செய்தோர் கம்பனிகளின் சம்பளம் பெறுவோரே. இதனை இழிவென்று கொள்ள வேண்டியதில்லை. உழைப்புக்கு ஊதியம் கிடைப்பது நன்றே. ஆனால், கம்பனிகள் தமக்கு வேண்டிய பகுதிகளுக்கே ஊதியம் கொடுக்கின்றன. மற்றவை? 2024 மார்ச் இறுதியில் அதற்கு விடை கிடைத்தது. கோப்புகளைச் சுருக்கும் ஒரு சிறு செய்நிரல், எண்ணற்ற லினக்ஸ் கணினிகளில் அடியில் இருந்து பணிபுரிவது. அதனை ஒரே ஒரு தொண்டர் ஊதியமின்றிப் பல்லாண்டுகள் பேணி வந்தார். களைத்துப்போன அவருக்கு உதவுவதுபோல் வந்த அடையாளந் தெரியாத ஒருவர், இரண்டாண்டுகளுக்கு மேலாக நம்பிக்கையைச் சம்பாதித்து, பொறுப்பிலும் பங்குபெற்று, இரகசியக் கதவொன்றை அதனுள் வைத்துவிட்டார். வழக்கத்தைவிட அரை வினாடி தாமதம் ஏன் என்று ஐயுற்றுத் துருவிய ஒரு செய்நிரலாளரால் அது வெளிப்பட்டது. மூலநிரல் திறந்திருந்ததால் உண்மையைக் காண முடிந்தது. பேணுவோர் தனித்து விடப்பட்டதால் அப்பேராபத்து நேர்ந்தது. இரண்டும் ஒருங்கே உண்மை.

கிட்டின் கதையும் இவ்வாறே ஒரு சுற்றுச் சுற்றி வந்தது. தனியார் பிடியிலிருந்து விடுபடப் பிறந்த அக்கருவியைச் சுற்றி எழுந்த கிட்ஹப் என்னும் நிறுவனத்தை, 2018 இல் மைக்ரோசொப்ட் 750 கோடி டொலருக்கு வாங்கியது. அங்கே குவிந்திருந்த பொது நிரல்களைப் பயிற்சிப் பொருளாகக் கொண்டு, செய்நிரல் எழுதும் பொறியொன்று ஆக்கப்பட்டு 2022 முதல் சந்தாவுக்கு விற்கப்பட்டது. எங்கள் உரிமங்கள் எங்கே என்று கேட்டு அவ்வாண்டே வழக்கும் எழுந்தது. பேர்க்கிலிப் பட்டியலிற் பெயர் ஒன்றே கூலியாயிருந்தது. இங்கே அப்பெயரும் இல்லாது போயிற்று என்பதே வழக்கிட்டோரின் குறை.

இவற்றால் நமக்கென்ன என்று கேட்பவரும் உளர். 2004 டிசம்பர் 26 இல் கடல் எமது கரைகளை விழுங்கியது. காணாமற்போனோரைப் பதியவும், முகாம்களின் தேவைகளை அறியவும், உதவி நிறுவனங்களை ஒருங்கிணைக்கவும் முறையொன்று அவசரமாகத் தேவைப்பட்டது. இலங்கைச் செய்நிரலாளர்கள் தொண்டர்களாகக் கூடி, கட்டற்ற மென்பொருள்களை அடித்தளமாகக் கொண்டு, சில நாட்களிலேயே சஹனா என்னும் செய்நிரலை எழுதினர். ஆறுதல், நிவாரணம் என்பது அச்சிங்களச் சொல்லின் பொருள். எவரிடமும் உரிமம் கேட்டுக் காத்திருக்க வேண்டிய நிலை அவர்களுக்கு இருக்கவில்லை. 2005 இல் பாகிஸ்தானின் நிலநடுக்கத்தின்போதும், 2006 இல் யோக்யகார்த்தாவின் நிலநடுக்கத்தின்போதும் அது எடுத்துப் பயன்படுத்தப்பட்டது. பெற்ற கடனை நாமும் சிறிது திருப்பிக் கொடுத்தோம்.

எனவே, ஆசிரியரும் மாணவரும் இவ்வரலாற்றை வெறும் பொறிநுட்பக் கதையாகக் கொள்ளலாகாது. வகுப்பறைக்குள் ஒரு பாடத்தை விடலாமா என்பதிலே தொடங்கி, உழைத்தவனின் பெயரை எழுதலாமா என்பது வரை, இதிலே எழுந்த கேள்விகள் யாவும் நாம் அன்றாடம் எதிர்கொள்பவையே. லயன்ஸ் ஓர் ஆசிரியர். டனன்போம் ஓர் ஆசிரியர். பில் ஜோயும் டோவால்ட்ஸும் தொடங்கும்போது மாணவர். கற்பித்தலும் கற்றலுமே இப்பொதுச் சொத்தின் ஊற்று.

குளத்தை வெட்டுவது ஒரு தலைமுறையின் வேலை. அணைக்கட்டைப் பேணுவதோ ஒவ்வொரு தலைமுறையினதும் வேலை. வெட்டியவரின் பெயரைப் போற்றிவிட்டு அணையை மறந்தால், அடுத்த மழையிலே குளமும் இராது, வயலும் இராது. அணையிலே தனித்து நிற்பவருக்குத் தோள் கொடுப்பது, அந்நீரைப் பருகும் நம் எல்லோரின் கடனாகும்.